ஒழுங்கான புரோக்கரா, டுபாக்கூரா?

ஆன்லைன்ல ட்ரேடிங் பண்ண வைக்கற புரோக்கர்ல ஒழுங்கானவன், டுபாக்கூர் ரெண்டு பேரோட வெப்சைட்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாத்தா ஒண்ணும் தெரியாது, சொல்லப்போனா டுபாக்கூர் சைட்டுதான் இன்னும் பளபளன்னு இருக்கும். சாயம் வெளுக்கறது பணத்தை வெளிய எடுக்கும்போதுதான்.

ஒழுங்கான புரோக்கர்கிட்ட வித்ட்ரா போட்டா உங்க பேர்ல இருக்கற அக்கவுண்ட்டுக்கே வரும், ஃபீஸ் இருந்தா அதுலயே கழிச்சுக்குவாங்க. டுபாக்கூர் என்ன பண்ணுவான்னா சின்னத் தொகை கேட்டா டக்குனு குடுத்துருவான், அது தூண்டில் புழு, பெருசா கேக்கும்போதுதான் "முதல்ல டாக்ஸ் கட்டுங்க, அப்பதான் ரிலீஸ் ஆகும்"னு ஆரம்பிப்பான். என் பேலன்ஸ்லேர்ந்தே கழிச்சுக்கோன்னு சொல்லிப் பாருங்க, அதுக்கு மட்டும் சிஸ்டம் ஒத்துக்காதாம்!

லைசென்ஸ் நம்பர் ரெண்டு பேருமே போடுவாங்க. நிஜ கம்பெனியோட நம்பரையே திருடிப் போடற குளோன் கம்பெனிங்க நிறைய, பிரிட்டன்ல நிதி கம்பெனிகளைக் கண்காணிக்கற ரெகுலேட்டரான எஃப்சிஏ இதுக்குன்னே எச்சரிக்கை விடுது. அதனால அவன் அனுப்பற லிங்க்கை அமுக்காம ரெகுலேட்டர் சைட்டுக்கு நீங்களே போயி அங்க இருக்கற வெப்சைட் அட்ரஸை எழுத்து எழுத்தா ஒத்துப் பாருங்க.

டுபாக்கூர் லெவரேஜ்லயும், அதாவது நீங்க போட்ட பணத்தைவிடப் பல மடங்குக்கு ட்ரேட் பண்ண விடறதுலயும் மாட்டுவான். ஐரோப்பாவுல 2018ல எஸ்மாங்கற மார்க்கெட் ரெகுலேட்டர், சிஎஃப்டி ட்ரேடிங்ல (பொருளை வாங்காமலே அதோட விலை ஏறுமா இறங்குமான்னு பணம் கட்டறது) சாதாரண ஆளுங்களுக்கு அதிகபட்சம் 30 மடங்குதான்னு கட்டிப்போட்டு போனஸையும் தடை பண்ணிச்சு. இவன் 1000 மடங்கு, கூடவே டெபாசிட்டுக்கு போனஸுங்கறான்.

அப்புறம் டுபாக்கூர் உங்களுக்குன்னே ஒதுக்கற அந்த "அக்கவுண்ட் மேனேஜர்". நெஜ புரோக்கர்கிட்ட சந்தேகம் கேட்டா கஸ்டமர் சப்போர்ட்ல டிக்கெட் போட்டுட்டு காத்திருக்கணும், இங்கயோ தினமும் காலைல குட் மார்னிங், சாப்டீங்களா வரைக்கும் வரும்.