ஹோசியர் லேனா, சென்டர் பிளேஸா?

மெல்போர்னில் கைவசம் ஒரே ஒரு நாள்தான், சுவரோவியங்களும் காபிக் கடைகளும் நிறைந்த சந்துகளில் எதற்குப் போவது என்று யாரைக் கேட்டாலும் ஹோசியர் லேன் என்றுதான் சொல்வார்கள். நான் பாதி ஒத்துக்கொள்வேன்.

இன்று படம் எடுக்கக் கூட்டம் மொய்க்கும் இந்தச் சந்துகள் ஒரு காலத்தில் கடைகளின் கொல்லைப்புறம். சரக்கு வண்டியும் மலம் அள்ளும் வண்டியும் வந்து போன வழி.

ஹோசியர் லேன் பெடரேஷன் சதுக்கத்துக்கு எதிரே, பிளிண்டர்ஸ் ஸ்ட்ரீட்டிலிருந்து மேடேறும் கல் பாவிய சந்து. சுவர், கதவு, குப்பைத் தொட்டி எதையும் ஸ்ப்ரே பெயிண்ட் விட்டுவைக்கவில்லை. போன மாதம் பார்த்த ஓவியம் இந்த மாதம் இருக்கும் என்று நம்ப முடியாது. பிரிட்டிஷ் தெரு ஓவியர் பேங்க்ஸி வரைந்த பாராசூட் எலியையே 2010இல் மாநகராட்சியின் துப்புரவு ஆட்கள் தெரியாமல் பூசி மறைத்துவிட்டார்கள். 2013இல் ஏட்ரியன் டாயில் என்ற ஓவியர், ஹோசியரை ஒட்டி வளையும் ரட்லெட்ஜ் லேன் முழுக்க ஒரே வெளிர் நீலத்தை அடித்தார். 2020இல் முகமூடிக் கும்பல் ஒன்று தீயணைப்புக் கருவிகளில் பெயிண்டை நிரப்பி வந்து ஹோசியர் சுவர்களில் பீய்ச்சிவிட்டுப் போனது. அழித்தது கலையா, அராஜகமா என்று ஊரே சண்டை போட்டது. எனக்கு அது வெறும் அராஜகம்தான். டாயில் செய்ததில் ஒரு குறும்பாவது இருந்தது.

சாப்பாடு என்றால் இங்கே பெயர்பெற்றது மோவிடா, 2003இல் தொடங்கிய ஸ்பானிய உணவகம். மொறுமொறு ரொட்டித் துண்டின்மேல் நெத்திலி, அதன்மேல் புகையூட்டிய தக்காளியின் ஐஸ். கேட்க விசித்திரமாக இருக்கும், வாயில் போட்டால் புரியும். ஆனால் முன்பதிவு, பர்ஸ் இரண்டும் வேண்டும். சைவக்காரர்கள் மெனுவைப் பார்த்துவிட்டுப் போவது நல்லது.

டெக்ரேவ்ஸ் ஸ்ட்ரீட் ஹோசியருக்கு நேர்மாறு. நடுத்தெருவில் மேசை, குடை, காபி வாசனை. சுவரில் பார்க்கப் பெரிதாக ஒன்றுமில்லை. பிளாட் வைட் என்ற பால் காபிக்குப் பதில் 'மேஜிக்' கேட்டுப் பாருங்கள். இரட்டை ரிஸ்ட்ரெட்டோவில் (குறைந்த தண்ணீரில் இறக்கிய கெட்டி எஸ்பிரெஸோ) பாலைக் குறைவாக ஊற்றித் தரும் மெல்போர்ன்காரர்களின் காபி. மற்றபடி, அமர்ந்து வேடிக்கை பார்ப்பதற்கும் சேர்த்துத்தான் காசு.

அங்கிருந்து பிளிண்டர்ஸ் லேனைக் கடந்தால் சென்டர் பிளேஸ். எதிரே ஆள் வந்தால் ஒதுங்கி நிற்க வேண்டிய அகலம். பெட்டிக்கடை அளவு கடைகள், குட்டி ஸ்டூல்கள், சூப், சூஷி. காலின்ஸ் ஸ்ட்ரீட் பக்கம் ஏறினால் கிறுக்கலும் ஓவியமுமாகச் சுவர்கள். ஹோசியரின் பிரம்மாண்டம் கிடையாது. ஆனால் தட்டைக் கையில் வைத்துக்கொண்டே சுவரையும் பார்க்கலாம். என் ஓட்டு இதற்குத்தான்.

ராக் ரசிகர்களுக்கு, ஏசி/டிசி என்ற ஆஸ்திரேலிய ராக் குழுவின் பெயரில் ஏசி/டிசி லேன் இருக்கிறது. 2004 வரை அதன் பெயர் கார்ப்பரேஷன் லேன். சுவரை உடைத்துக்கொண்டு பாய்கிற மாதிரி வைத்திருக்கும் அந்தக் குழுவின் பாடகர் பான் ஸ்காட்டின் உருவத்தைப் பார்த்துவிட்டு வரலாம். இரவில்தான் களை கட்டும்.

சரி, அந்த ஒரே நாளை எப்படிச் செலவழிப்பது? ஹோசியருக்குக் காலை எட்டு மணிக்கே போய்விடுங்கள். மதியம் போனால் சுவர் தெரியாது, செல்பி எடுப்பவர்களின் முதுகுதான் தெரியும். மேல் முனையில் பிளிண்டர்ஸ் லேனில் இடப்பக்கம் திரும்பி, ஸ்வான்ஸ்டன் ஸ்ட்ரீட்டைக் கடந்து நடந்தால் சில நிமிடங்களில் வலப்பக்கம் சென்டர் பிளேஸ். காலைச் சாப்பாட்டை அதுவரை தள்ளிப்போடுங்கள்.