முகாவிர் பனீ ஹமீதா கம்பளி விரிப்பு: வாங்கலாமா?

ஜோர்டானுக்குப் புனிதப் பயணம் போகிற நம் ஆட்கள் பெரும்பாலும் மடபா, நேபோ மலை பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். இன்னும் கொஞ்சம் தெற்கே போனால் சாக்கடலுக்கு மேலே முகாவிர் என்ற சின்ன ஊர். யோவான் ஸ்நானன் கொல்லப்பட்டது இங்குள்ள ஏரோதின் கோட்டையில்தான் என்று முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபஸ் எழுதியிருக்கிறார். கோட்டைக்கு வருகிறவர்களும் படம் எடுத்த கையோடு வண்டி ஏறிவிடுவார்கள். அப்படிச் செய்யாதீர்கள். ஊருக்குள்ளேயே பனீ ஹமீதா நெசவுக் கடை இருக்கிறது.

பனீ ஹமீதா இந்த மலையில் ஆடு மேய்த்து வாழ்ந்த கோத்திரம். குளிர் வந்தால் மந்தையோடு சூடான பள்ளத்தாக்குக்கு இறங்குவார்கள், கோடையில் மேலே ஏறுவார்கள். வீடு என்பது வெள்ளாட்டு மயிரில் நெய்த கறுப்புக் கூடாரம். அதை நெய்தது பெண்கள். கல்வீடு கட்டிக் குடியேறிய பிறகு கூடாரத்துக்குத் தேவை குறைந்தது, தறிக்கும்தான். 1985-ல் ‘சேவ் த சில்ட்ரன்’ என்ற தொண்டு நிறுவனத்தின் உதவியோடு இந்தப் பெண்கள் விற்பனைக்கு விரிப்பு நெய்ய ஆரம்பித்தார்கள். பின்னால் அது ‘ஜோர்டான் ரிவர் ஃபவுண்டேஷன்’ என்ற உள்நாட்டுத் தொண்டு அமைப்பின் கைக்கு வந்தது.

தறியை அவசியம் பாருங்கள். குழி இல்லை, சட்டமும் இல்லை. தரையில் முளை அடித்து, பாவு நூலை, அதாவது நீளவாக்கு இழைகளை, இழுத்துக் கட்டியிருக்கிறார்கள். நெய்கிறவர் அதன் மேலேயே உட்கார்ந்து, குறுக்கே ஊடு நூலைக் கொடுத்து, மான் கொம்பால் அதைக் கொத்திக் கொத்தி நெருக்குகிறார். இடம் பெயரும்போது தறியை அப்படியே சுருட்டி எடுத்துக்கொள்ளலாம். இந்த நெசவில் ஊடு மறைந்துவிடும், பாவுதான் வெளியே தெரியும். அதனால்தான் கோடுகள் எல்லாம் நீளவாக்கில் ஓடுகின்றன. பெரிய விரிப்பு வேண்டுமென்றால் பட்டைகளைச் சேர்த்துத் தைக்க வேண்டும். தையல் தெரிகிறதே என்று ஒதுக்காதீர்கள், கூடாரத்தையும் அப்படித்தான் தைத்தார்கள்.

இந்த மேட்டுநிலத்துக்கும் ஆட்டு மயிருக்கும் உள்ள உறவு மிகப் பழையது. மோவாபின் ராஜாவாகிய மேசா இஸ்ரவேலுக்கு லட்சம் ஆட்டுக்கடாக்களின் மயிரைக் கப்பமாகக் கட்டியதாக வேதாகமத்தில் 2 இராஜாக்கள் 3-ல் வாசிக்கிறோமே, அது இந்த நாடுதான். அதே மேசாவின் கல்வெட்டு 1868-ல் பக்கத்துத் தீபானில் வெளிச்சத்துக்கு வந்தது. கல்லைக் கொடுக்கச் சொல்லி அப்போது ஆண்ட ஒட்டோமான் அதிகாரம் நெருக்கவே, பனீ ஹமீதா மக்கள் அதை நெருப்பில் சூடாக்கி, தண்ணீர் ஊற்றி உடைத்துவிட்டார்கள். துண்டுகளைத் தேடிச் சேர்த்து ஒட்டியது இப்போது பாரிஸ் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. கல் உடைந்தது எனக்கு வருத்தம்தான். ஆனால் தங்கள் மண்ணில் கிடந்ததைப் பிடுங்க வந்தவர்கள் மேல் அவர்களுக்கு வந்த கோபமும் புரிகிறது.

சரி, விரிப்புக்கு வருவோம். கனம் அதிகம், தொட்டால் கொஞ்சம் சொரசொரப்பு. மெத்து மெத்தென்று வேண்டுபவர்களுக்கு இது ஒத்துவராது. விலையும் மலிவில்லை. ஆனால் கையால் நெருக்கிய நெசவு, லேசில் இளகாது. எனக்குப் பிடித்தது அடர்சிவப்பும் கறுப்பும் ஓடுகிற வகை. பேரம் பேசாமல் வாங்குங்கள். பெட்டியில் இடமில்லையென்றால் சின்னச் சுவர்த்தொங்கலே போதும். அங்கே வெள்ளி, சனி வார விடுமுறை, அதனால் வேறு நாளாகப் பார்த்துப் போங்கள்.