பின்னால் நிற்கும் சொல் கம்பனிப் பெயர் இல்லை: புற்றுநோய் ஊசி வாங்கப் போகிறவர்களுக்கு

வீட்டில் யாருக்காவது மார்பகப் புற்றுநோய்க்கு வைத்தியம் நடக்கிறதா? டொக்டர் எழுதித் தந்த துண்டில் "டிராஸ்டூசுமாப்" என்று தொடங்கும் பெயர் இருக்கிறதா? அப்படியென்றால் காசை எடுத்துக்கொண்டு மருந்து வாங்கப் புறப்படுவதற்கு முன் இதைக் கடைசி வரை வாசியுங்கள். எங்களுக்கு 185,000 ரூபா போனது. அக்காவின் ஊசி பன்னிரண்டு நாள் பிந்தியது. காசை எப்படியாவது உழைத்துக்கொள்ளலாம். அந்தப் பன்னிரண்டு நாளும் அக்கா எங்களிடம் ஒன்றும் கேட்காமல் யன்னலோரம் இருந்ததை நினைத்தால் இப்போதும் வயிறு எரிகிறது.

அக்காவுக்கு 47 வயது. கொட்டாஞ்சேனையில் எங்கள் வீட்டிலிருந்து இரண்டு ஒழுங்கை தள்ளி இருக்கிறார். போன வருடம் மார்பில் கட்டி கண்டுபிடித்தார்கள். சோதனையில் "ஹெர்-2 பொசிட்டிவ்" என்று வந்தது. ஹெர்-2 என்பது கலத்தின் மேற்பரப்பில் இருக்கும் ஒரு புரதம். அது அளவுக்கு மிஞ்சி இருந்தால் கலம் ஓயாமல் பெருகிக்கொண்டே போகும். இந்த வகைக்கு 1998இல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்த மருந்துதான் டிராஸ்டூசுமாப். ஹெர்செப்டின் என்ற பெயரிலும் பலருக்குத் தெரிந்திருக்கும். சத்திரசிகிச்சைக்கு முன் அக்காவுக்கு கீமோவோடு சேர்த்து ஏற்றியதும் அதுதான்.

சத்திரசிகிச்சையில் எடுத்த சதையைச் சோதித்தபோது புற்றுநோய் முழுதாக அழியவில்லை, கொஞ்சம் மிச்சம் இருக்கிறது என்றார்கள். டொக்டர் மருந்தை மாற்றினார். மூன்று கிழமைக்கு ஒரு தடவை, மொத்தம் 14 தடவை. துண்டில் எழுதியது: டிராஸ்டூசுமாப் எம்டான்சின், 100 மில்லிகிராம், இரண்டு குப்பி. அக்காவின் நிறை 55 கிலோ. கிலோவுக்கு 3.6 மில்லிகிராம் என்று 198 மில்லிகிராம் வரும், அதனால் இரண்டு குப்பி. இந்தக் கணக்கு இப்போது எனக்குத் தூக்கத்திலும் வரும். அன்றைக்குத் தெரியாது.

மருந்தை வெளியே வாங்க வேண்டியிருந்தது. முதலில் விசாரித்த இடத்தில் ஒரு தடவைக்கு 290,000 சொன்னார்கள். அத்தான் அக்காவின் காப்பு இரண்டையும் கொண்டுபோய் செட்டியார் தெருவில் அடகு வைத்தார். அது போதவில்லை. அப்போதுதான் தெரிந்தவர் ஒருவர், "வெள்ளவத்தையில ஒருத்தர் இருக்கிறார், புற்றுநோய் மருந்தெல்லாம் குறைஞ்ச விலைக்கு எடுத்துத் தருவார்" என்று இலக்கம் தந்தார். அந்தத் தெரிந்தவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. நல்லது நினைத்துத்தான் தந்தார்.

காலி வீதியிலிருந்து கடற்பக்கம் இறங்கும் ஒழுங்கை ஒன்றில், மாடியில் ஒரு சின்ன அறை. வெளியே பெயர்ப் பலகை இல்லை. அந்த மனிதர் மரியாதையாகத்தான் கதைத்தார். தேத்தண்ணி தந்தார், அக்காவின் வயதைக் கேட்டுக் கவலைப்பட்டார். துண்டை வாங்கிப் பார்த்துவிட்டு, விரலால் முதல் சொல்லைத் தட்டிக் காட்டினார்.

"தம்பி, இதுதான் மருந்து. டிராஸ்டூசுமாப். பின்னால நிக்கிறது கம்பனி போடுற பேர். நீங்க பனடோல் எண்டு கேப்பீங்க, பாமசியில பரசிட்டமோல் தருவாங்க. ரெண்டும் ஒண்டுதானே? அது மாதிரித்தான். அந்தக் கம்பனிப் பேருக்குத்தான் ஒரு லட்சம் கூடக் குடுக்கிறீங்க."

நான் நம்பினேன். இந்த நாட்டில் வளர்ந்தவர்கள் நம்பத்தான் செய்வார்கள். மருந்துக்குக் கம்பனி வைத்த பெயர் வேறு, பொதுப் பெயர் வேறு, பொதுப் பெயரில் வாங்கினால் அதே மருந்து மலிவாகக் கிடைக்கும் என்பது இங்கே சும்மா வந்த அறிவு அல்ல. 1971இல் அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனம் தொடங்கியபோது அதன் முதல் தலைவராக இருந்த பேராசிரியர் சேனக்க பிபிலே அதற்காகவே பாடுபட்டார். ஏழைகளுக்கு நன்மை செய்த அந்த உண்மையை ஒரு மனிதர் எடுத்து ஏழைகளையே ஏமாற்றப் பாவிக்கிறார் என்பதுதான் என்னால் பொறுக்க முடியாதது.

பெட்டியைத் திறந்து காட்டினார். உள்ளே இரண்டு குப்பி. ஒன்றில் வெள்ளைத் தூள், மற்றதில் நீர். துண்டில் "இரண்டு" என்று இருந்தது, பெட்டியிலும் இரண்டு இருந்தது. எனக்கு மனம் ஆறியது. பெட்டியின் மேல் 440 மில்லிகிராம் என்று போட்டிருந்தது. துண்டில் 100 என்றிருக்கிறதே என்று கேட்டேன். "கூடத்தானே இருக்கு, உங்களுக்குத்தான் லாபம். மிச்சத்தை அடுத்த முறைக்கும் வைக்கலாம்" என்றார்.

அன்றைக்கு என் தலைக்குள் இருந்த பயமே வேறு. 2023இல் அரச வைத்தியசாலைகளுக்குத் இம்யூனோகுளோபுலின் என்ற ஊசி மருந்து தரமற்றதாகப் போன விவகாரம் நாட்டையே உலுக்கியது. அதனால் நான் தேடியதெல்லாம் போலியா என்பதுதான். மூடி உடைந்திருக்கிறதா, எழுத்து மங்கியிருக்கிறதா, திகதி அழித்து எழுதியிருக்கிறதா என்று வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். எல்லாம் சரியாக இருந்தது. சரியாகத்தான் இருக்கும். அது போலி மருந்து இல்லை, நல்ல டிராஸ்டூசுமாப். அக்காவுக்கு எழுதிய மருந்து அது இல்லை, அவ்வளவுதான்.

185,000 கொடுத்தேன், கையில் காசாக. "ஊசி 1, பணம் பெற்றுக்கொண்டேன்" என்று ஒரு துண்டுக் கடதாசியில் எழுதித் தந்தார். நான் புறக்கோட்டையில் ஒரு மொத்த வியாபாரக் கடையில் கணக்குப் பார்க்கிறவன். பொருளின் பெயர் இல்லாத பில்லை எங்கள் கடையில் ஒரு நாளும் ஏற்கமாட்டேன். அன்றைக்கு ஏற்றுக்கொண்டேன். அக்காவுக்கு மருந்து கிடைத்துவிட்டது என்ற ஆறுதலில் வேறொன்றும் கண்ணுக்குத் தெரியவில்லை. ரெஜிபோம் பெட்டியில் ஐஸ் கட்டியின் மேலேயே மருந்துப் பெட்டியை வைத்து மூடித் தந்தார். அதுவும் பிழை. இந்த மருந்து 2 முதல் 8 பாகை செல்சியஸில் இருக்க வேண்டும், உறையக் கூடாது. ஐஸில் நேரே படவே கூடாது.

அடுத்த நாள் காலை ஏழு மணிக்கு வைத்தியசாலைக்குப் போய்விட்டோம். அக்காவுக்கு இரத்தம் எடுத்து ஈரலும் குருதிச் சிறுதட்டும் பார்த்து, சரி என்று சொல்லிவிட்டார்கள். கையில் ஊசி ஏற்றக் குழாயும் போட்டாயிற்று. மருந்தைக் கலக்க உள்ளே கொடுத்தேன். பத்து நிமிடத்தில் மருந்தாளர் அம்மா பெட்டியோடு வெளியே வந்தார். சிங்களவர், தமிழ் மெல்ல மெல்லக் கதைப்பார். துண்டையும் பெட்டியையும் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். துண்டில் இருந்த இரண்டாவது சொல்லை விரலால் மறைத்தார்.

"இப்பப் பாருங்க மல்லி. இப்ப ரெண்டும் ஒண்டு." விரலை எடுத்தார். "இப்ப ஒண்டு இல்ல. இது அரைவாசிப் பேர் மட்டும்தான்."

பிறகு நீர் இருந்த குப்பியைத் தூக்கிக் காட்டினார். "இது மருந்து இல்ல. தூளைக் கரைக்கிற தண்ணி."

நான் அந்த மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் பொறுமையாக விளங்கப்படுத்தினார். பிறகு டொக்டரும் சொன்னார். விளங்கியதை அப்படியே எழுதுகிறேன், ஏனென்றால் இது தெரிந்திருந்தால் நான் அந்த மாடிப்படியை ஏறியிருக்கவே மாட்டேன்.

டிராஸ்டூசுமாப் என்ற பெயரே ஒரு விபரம்தான். கடைசியில் வரும் "மாப்" என்றால் ஆய்வுகூடத்தில் ஒரே வகையாகப் பெருக்கி எடுத்த பிறபொருளெதிரி, அதாவது குறித்த ஒரு பொருளைத் தேடிப் பிடிக்கும் புரதம். அதற்கு முன்னால் வரும் "சு" என்றால் மனித உடலுக்கு ஏற்றபடி மாற்றி அமைத்தது. அதற்கும் முன்னால் இருக்கும் "டூ" கட்டியைக் குறிக்கிறது. இந்த மருந்து போய் ஹெர்-2 புரதத்தைப் பிடித்துக்கொண்டு, கலத்துக்குப் பெருகச் சொல்லிப் போகும் கட்டளையைத் தடுக்கிறது.

எம்டான்சின் கம்பனியும் இல்லை, கம்பனிப் பெயரும் இல்லை. அது இன்னொரு மருந்து, கடும் நஞ்சு. எத்தியோப்பியாவில் ஒரு செடியிலிருந்து 1970களின் தொடக்கத்தில் பிரித்தெடுத்த மேய்டான்சின் என்ற பொருளின் வழி வந்தது. மேய்டான்சினைத் தனியாக மனிதருக்குக் கொடுத்துப் பார்த்தபோது உடம்பு தாங்கவில்லை. பிறகு அந்த வகை நஞ்சை டிராஸ்டூசுமாப்போடு பிணைத்தார்கள். பிறபொருளெதிரி ஹெர்-2 இருக்கும் கலத்தைத் தேடிப் பிடிக்கும், நஞ்சு அந்தக் கலத்துக்குள் போய் வேலை செய்யும். இந்தச் சேர்க்கைக்கு 2013இல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. கம்பனி வைத்த பெயர் கட்சைலா. அந்த மனிதர் சொன்ன பனடோல் கணக்குப்படி பார்த்தால் கட்சைலாதான் "பனடோல்". "டிராஸ்டூசுமாப் எம்டான்சின்" என்ற இரண்டு சொல்லும் சேர்ந்ததுதான் "பரசிட்டமோல்". இந்தியாவில் 2021 முதல் இதன் மலிவான வடிவமும் இருக்கிறது, அதன் பெட்டியிலும் இரண்டு சொல்லும் இருக்கும்.

அக்காவைப் போல, சத்திரசிகிச்சைக்குப் பிறகும் புற்றுநோய் மிச்சம் இருப்பவர்களுக்கு வெறும் டிராஸ்டூசுமாப்பைத் தொடர்வதா, எம்டான்சின் சேர்ந்ததைக் கொடுப்பதா என்று ஒரு பெரிய ஆய்வு நடந்திருக்கிறது. சேர்ந்ததைப் பெற்றவர்களுக்கு நோய் திரும்பும் ஆபத்து ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. 2019இல் இந்தத் தேவைக்கும் அமெரிக்காவில் அனுமதி வந்தது. அந்தப் பாதியைத்தான் அந்த மனிதர் எங்களிடமிருந்து எடுக்கப் பார்த்தார். மருந்தாளர் அம்மா கவனிக்காமல் விட்டிருந்தால், அக்கா ஏற்கெனவே ஏற்றிய அதே மருந்தைத்தான், அது முழுதாக அழிக்காமல் விட்ட மிச்சத்துக்கு எதிராக, 14 தடவை ஏற்றியிருப்போம்.

பிழை மறுபக்கமும் நடக்கலாம், அது இன்னும் பயங்கரம். வெறும் டிராஸ்டூசுமாப்பை மூன்று கிழமைக்கு ஒரு தடவை ஏற்றுவதென்றால் முதல் தடவை கிலோவுக்கு 8 மில்லிகிராம், பிறகு 6. அந்த 6ஐ எம்டான்சின் சேர்ந்ததற்குப் போட்டால் அக்காவுக்கு 198க்குப் பதிலாக 330 மில்லிகிராம் போயிருக்கும். இந்த இரண்டு பெயரும் குழம்பும் என்று தெரிந்துதான் அமெரிக்க ஒழுங்குபடுத்தும் நிறுவனம் 2013இலேயே எச்சரித்தது. அங்கே இதன் பெயருக்கு முன்னால் "அடோ" என்று ஒட்டுச் சொல்லும் வைத்திருக்கிறார்கள். மூன்றாவதாக டிராஸ்டூசுமாப் டெருக்ஸ்டெக்கான் என்று ஒன்றும் இருக்கிறது. அது வேறு மருந்து, அதன் அளவும் வேறு. ஆக, முதல் சொல் ஒன்றாக இருக்கும் மருந்து குறைந்தது மூன்று.

அன்றைக்கு அக்காவின் கையில் போட்ட குழாயைக் கழற்றி அனுப்பினார்கள். திரும்பும் வழியில் ஓட்டோவுக்குள் அக்கா ஒன்றுதான் கேட்டார். "காப்பு போயிட்டுதா தம்பி?"

பின்னேரமே வெள்ளவத்தைக்குப் போனேன். இந்த முறை தேத்தண்ணி இல்லை. "குளிர்ல வைக்கிற சாமான், வெளியால போனா திருப்பி எடுக்க ஏலாது. உங்கட துண்டில இருந்த முதல் பேரைத்தானே தந்தனான்" என்றார். பெட்டியைத் திருப்பிப் பார்த்தபோதுதான் கண்டேன், இலங்கை இறக்குமதியாளர் யார் என்று அதில் ஓரிடத்திலும் இல்லை. பில்லைக் காட்டினால் "ஊசி 1" என்றுதான் இருக்கிறது. என்ன ஊசி என்று நான் எப்படி நிரூபிப்பது?

அதனால் சொல்கிறேன். டொக்டரிடம் மருந்தின் முழுப் பெயரையும், குப்பி எத்தனை மில்லிகிராம் என்பதையும், உங்கள் ஆளின் நிறைக்கு எவ்வளவு என்பதையும் தெளிவான எழுத்தில் கேட்டு வாங்குங்கள். அவர் கோபிக்கமாட்டார், கோபித்தாலும் பரவாயில்லை. எம்டான்சின் சேர்ந்தது 100, 160 மில்லிகிராம் குப்பிகளில் வருகிறது. 440 என்று கண்டால் அங்கேயே நில்லுங்கள். காசு கொடுக்க முன் பெட்டியின் நான்கு பக்கத்தையும் படம் எடுத்து, ஊசி ஏற்றப் போகும் வைத்தியசாலையின் மருந்தாளருக்குக் காட்டுங்கள். என்னிடம் யாராவது இந்த ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். பில்லில் மருந்தின் முழுப் பெயரும் தொகுதி இலக்கமும் இல்லாமல் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். லிப்டன் சந்திப் பக்கம் இருக்கும் அரச மருந்துக் கடையான ஒசுசலவிலும் ஒரு தடவை விசாரியுங்கள். மருந்து இல்லாவிட்டாலும், பெயரைச் சரியாக வாசித்துச் சொல்ல ஆள் இருப்பார்கள்.

சரியான மருந்தை டொக்டர் சொன்ன இறக்குமதியாளரிடமே எடுத்தோம். முதலாளியிடம் சம்பள முற்பணம் வாங்கினேன். வெப்பமானி வைத்த பெட்டியில் அவர்களே நேராக வைத்தியசாலைக்குக் கொண்டுவந்து கொடுத்தார்கள். பெட்டி இரண்டு, ஒவ்வொன்றிலும் 100, ஒவ்வொன்றிலும் இரண்டு சொல். அக்காவுக்கு இதுவரை மூன்று தடவை ஏற்றியாயிற்று. களைப்பு இருக்கிறது, ஆனால் சாப்பிடுகிறார்.

2015ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டப்படி மருந்துகளைப் பதிவு செய்து கட்டுப்படுத்தும் பொறுப்பு தேசிய ஔடதங்கள் ஒழுங்குபடுத்தும் அதிகாரசபைக்கு இருக்கிறது. படங்களோடு அங்கே எழுத்தில் முறைப்பாடு கொடுத்திருக்கிறேன். நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபையின் 1977 இலக்கத்துக்கும் அழைத்துச் சொன்னேன். இதே போல வெள்ளவத்தைப் பக்கம் யாரிடமாவது "பின்னால நிக்கிறது கம்பனிப் பேர்" என்று கேட்டு ஏமாந்தவர்கள் இருந்தால், நீங்களும் முறைப்பாடு கொடுங்கள். அந்தக் குப்பியும் "ஊசி 1" கடதாசியும் என்னிடம் பத்திரமாக இருக்கின்றன. விசாரணைக்குக் கூப்பிட்டால் இரண்டையும் கொண்டுபோவேன்.