ஆலை வாசல் படமா, செய்திப் படமா?

நூறு வருஷத்துக்கு முந்தைய இங்கிலாந்தில் சாதாரண ஜனங்கள் என்ன உடுத்தினார்கள், எப்படி நடந்தார்கள் என்று மௌனப் படங்களில் தேடுபவர்கள் முதலில் செய்திப் படங்களைத்தான் புரட்டுகிறார்கள். அங்கே தேறுவது கொஞ்சம்தான். ‘டாபிகல் பட்ஜெட்’ (1911–1931) என்ற செய்திப் படத் தொடர் வாரம் இரண்டு முறை வந்தது. ஒவ்வொன்றிலும் நாலைந்து துணுக்குகள். அரசர் வருகை, அணிவகுப்பு, கால்பந்து. ஜனங்கள் பின்னணிக் கூட்டமாக மட்டும் நிற்பார்கள்.

பிளாக்பர்ன் நகரத்து ‘மிட்செல் அண்டு கென்யன்’ என்ற படக் கம்பெனி எடுத்த படங்களில் அந்தக் கூட்டமேதான் விஷயம். வேலை விடும் நேரம் ஆலை வாசலில் கேமராவை நிறுத்துவார்கள். படத்தில் தன் முகத்தைப் பார்க்கவே ஆள் டிக்கெட் வாங்குவார் என்பதால், முகம் கூடினால் வசூல் கூடும். சால்வை போர்த்திய பெண்கள், அடியில் கட்டை வைத்த செருப்புகள், பாதி நாள் பள்ளி பாதி நாள் ஆலை என்றிருந்த பிள்ளைகள், எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் தெரியும். ஆனால் எல்லாமே இயல்பு என்று நம்பிவிடக் கூடாது. கேமராவைப் பார்த்துத் தொப்பி ஆட்டுகிறார்கள். சில படங்களில் காட்சி நடத்துபவரே உள்ளே வந்து கூட்டத்தை நகர்த்துகிறார். 1994-இல் ஒரு கடையின் நிலவறையில், மூன்று உலோகப் பீப்பாய்களில் கிடைத்த இவை கேமராவில் ஓடிய அசல் நெகட்டிவ்கள். அதனால் துல்லியம் அசத்தும். செய்திப் படங்களில் பல, கொட்டகைகளில் ஓடித் தேய்ந்த பிரதிகள். கோடு விழுந்திருக்கும், ஓரத் துளைகள் கிழிந்திருக்கும்.

சம்பவம் என்றால் செய்திப் படத்துக்கு ஈடில்லை. 1913 ஜூன் 4, எப்சம் டெர்பி குதிரைப் பந்தயத்தில், பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டுப் போராடிய எமிலி டேவிசன் அரசரின் குதிரை முன் போனது பதிவானது, பந்தயத்துக்காகக் கேமராக்கள் அங்கே காத்திருந்ததால்தான். தேதியில் மட்டும் கவனம்: பட்டியலில் இருப்பது பெரும்பாலும் வெளியீட்டுத் தேதி, சம்பவம் அதற்குச் சில நாள் முந்தியது.

இரண்டுக்கும் பொதுவான வம்பு வேகம். 35 மி.மீ. பிலிமில் அடிக்கு 16 ஃபிரேம். கேமராவின் கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்று சுற்றினால் 16 ஃபிரேம்; 60 அடி ஒரு நிமிடம். அதையே நொடிக்கு 24 ஃபிரேமில் ஓட்டினால் 40 நொடியில் முடிந்து, எல்லாரும் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள். சுற்றிய கை ஒரே சீராக இருக்காது என்பதால், நடையைப் பார்த்தே வேகத்தைச் சரிசெய்ய வேண்டும். இன்னொன்று, அந்தக் கால பிலிமுக்குச் சிவப்பு தெரியாது. கறுப்பாகத் தெரியும் கொடியைத் துக்கக் கொடி என்று எழுதிவிடாதீர்கள்.

வெளிச்சம் போதாததால், வாசலைத் தாண்டித் தறிக்கூடத்துக்குள் இரண்டும் போனது அபூர்வம்.