ஏழு வருஷக் காரும் கூரையில் ஒரு சிவப்பு லைற்றும்

போன கிழமை இங்கே ஜேர்மனியில், எஸ்ஸன் நகரிலிருந்து மச்சானின் மகன் போன் எடுத்தான். "மாமா, நீங்கள் ஓடுற அதே கார், 2019 மொடல், ஒண்டு விலைக்கு நிக்குது. எடுக்கலாமோ?"

கேட்ட நேரம்தான் பிழை. முதல் நாள் இரவு முழுக்க அந்தக் காரின் முன் சீற்றுக்குக் கீழே முழங்காலில் நின்று, டோர்ச்சைப் பல்லில் கடித்துக்கொண்டு, குளவ் பொக்ஸைக் கழற்றிப் போட்டிருந்தேன். விரல் நுனியெல்லாம் பிளாஸ்ரிக் கீறின காயம். "எடுக்காதை" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன். பிறகு யோசித்துப் பார்த்தால், அவனுக்கு ஒரு விளக்கமாவது சொல்லியிருக்க வேண்டும். அதுதான் இது.

என் காரை 2019 மார்ச்சில் புதிதாக எடுத்தேன். இன்றைக்கு மீற்றரில் 118,000 கிலோமீற்றர். எஞ்சின் எப்படி, டிக்கி எவ்வளவு, பெற்றோல் என்ன குடிக்கும் என்பதெல்லாம் எல்லாரும் எழுதி முடித்த கதை. கிளச் இன்னும் கொம்பனி கிளச்தான். முன் பிரேக் ஒரு தரம் மாற்றியிருக்கிறேன். கொரோனா வருஷங்கள் போக, ஹம் நகரக் காமாட்சி அம்பாள் தேருக்கு ஒவ்வொரு வருஷமும் ஏ2 நெடுஞ்சாலையில் பின்னால் மூன்று பேரும் டிக்கி நிறையச் சாப்பாட்டுச் சட்டிகளுமாகப் போய் வந்திருக்கிறது. ஒரு நாளாவது வழியில் நின்றதில்லை.

பிரச்சினை ஓட்டத்தில் இல்லை. கூரையில், உள் லைற்றுக்குப் பக்கத்தில், சின்ன மூடிக்குள் இருக்கும் அந்த எஸ்.ஓ.எஸ். என்ற அவசர அழைப்புப் பொத்தானில்தான்.

இந்தப் பொத்தானை எனக்கு முதலில் அறிமுகப்படுத்தியது என் மாமி. 2019 கோடையில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து நின்றா. டோர்ட்முண்டில் ஒரு கடைத் தரிப்பிடத்தில் அவவைக் காரில் இருத்திவிட்டு நானும் மனைவியும் பால் வாங்கப் போனோம். கீழே விழுந்த மூக்குக்கண்ணாடியைத் தேடுவதற்கு லைற் போடுவதாக நினைத்து, மூடியைத் திறந்து பொத்தானை அமத்தியிருக்கிறா. நாங்கள் திரும்பி வரும்போது மாமி இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு இருக்கிறா. "தம்பி, ஆரோ மேலயிருந்து கதைக்கினம்!"

மேலேயிருந்து ஒரு ஜேர்மன் பெண்குரல், துளி பதற்றமில்லாமல், "விபத்தா? யாருக்கும் காயமா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருந்தது. இங்கத்தைய அவசர உதவி இலக்கமான 112இன் கட்டுப்பாட்டு நிலையம். தவறுதலாக அமத்துப்பட்டது என்று சொல்லி மன்னிப்புக் கேட்டேன். நாங்கள் எங்கே நிற்கிறோம் என்று நான் சொல்லவில்லை, அவவே தெருப் பெயரைச் சொல்லி, "அந்தக் கடை வாசலில்தானே நிற்கிறீர்கள்?" என்று உறுதிப்படுத்திக்கொண்டு, நல்ல நாளாகட்டும் என்று வைத்துவிட்டா. மாமிக்கு அடுத்த இரண்டு கிழமையும் காரில் ஏறியதும் கூரையைப் பார்த்து ஒரு கும்பிடு. சிரித்தோம்தான். ஆனால் அன்றைக்கே எனக்கு இந்தச் சாமானில் ஒரு பிடிப்பு வந்துவிட்டது.

இதற்குப் பெயர் இ-கோல். 2018 மார்ச் 31க்குப் பிறகு ஐரோப்பிய ஒன்றியத்தில் புதிதாக அனுமதி பெறும் கார் மொடல்களுக்கு இது கட்டாயம். அதற்கு முன் அனுமதி பெற்ற மொடல் என்றால், 2019இல் புதிதாக விற்றிருந்தாலும் இல்லாமல் இருக்கலாம். எயார்பாக் வெடித்தால் தானாகவே 112ஐ அழைக்கும், கையாலும் அமத்தலாம். அழைப்பு எடுபட்டதும் இடம், நேரம், கார் எந்தப் பக்கம் போய்க்கொண்டிருந்தது, சட்டக இலக்கம், என்ன எரிபொருள் எல்லாம் 140 பைற்றுக்குள் போய்ச்சேரும். பழைய எஸ்.எம்.எஸ். ஒன்றின் அளவு. அதுவும் இணையத்தால் அல்ல. பக்ஸ் மெசினின் கீச்சுச் சத்தம் மாதிரி, குரல் போகிற அதே இணைப்பில் சத்தமாகவே போகிறது. பிறகுதான் ஆள் கதைக்கலாம்.

இனிப் பழுதுக் கதை. இந்த வருஷம் ஜனவரியில், சைபருக்குக் கீழே ஆறு பாகை குளிரில் ஒரு விடியற்காலை, சாவியைத் திருப்பியதும் "டிங்". வேகமானி இருக்கும் இடத்தை முழுதாக மறைத்துக்கொண்டு ஒரு மஞ்சள் அறிவிப்பு: அவசர அழைப்பு முறைமையில் கோளாறு, கராஜுக்குப் போகவும். கூரையில் பச்சையாக இருக்க வேண்டிய குட்டி லைற் சிவப்பு. ஸ்ரியரிங்கில் ஓகே அமத்தினால்தான் வேகம் தெரியும். மத்தியானம் வேலை முடிந்து வந்து திருப்பினால், பச்சை. ஒன்றுமே நடக்காத மாதிரி. அடுத்த நாள் காலை மறுபடி டிங். கோடை முழுக்கச் சத்தமில்லை. ஒக்டோபரில் திரும்பி வந்தது, இந்த முறை மத்தியானமும் போகவில்லை. வேலைக்கு, கடைக்கு, பிள்ளையை வகுப்பில் விட, கூட்டிவர என்று ஒரு நாளைக்கு ஆறு தரம் டிங். மனைவி, "இஞ்சாருங்கோ, உதை ஒருக்காப் பாருங்கோவன், தலை இடிக்குது" என்றா.

இதற்கு ஆளாளுக்கு ஒரு வைத்தியம். வேலையிடத்தில் ஒருவர், "3ஜியை நிப்பாட்டிப்போட்டாங்கள், அதுதான்" என்றார். ஜேர்மனியில் 3ஜி 2021லேயே போய்விட்டது உண்மை. ஆனால் இ-கோலுக்கு 2ஜி போதும். அத்தோடு, கட்டாயச் சட்டத்தின்படி காருக்குள் வரும் இந்தச் சிம் சும்மா இருக்கும் நேரத்தில் எந்த நெட்வேர்க்கிலும் பதிவாவதில்லை. அழைப்பு வந்தால்தான் கண் விழிக்கும். உங்களை நாள் முழுக்கப் பின்தொடரக் கூடாது என்பதற்காகவே அப்படி வைத்திருக்கிறார்கள். நித்திரையில் கிடக்கும் சிம்முக்கு நெட்வேர்க் போனது எப்படித் தெரியும்? இன்னொருவர், "ஒருக்கா அமத்திப் பாரன், வேலை செய்யுதோ எண்டு." தயவுசெய்து யாரும் அதைச் செய்யாதீர்கள். தெரியாமல் அமத்துப்பட்டால் மன்னிப்புக் கேட்கலாம். வேண்டுமென்று அவசர அழைப்பைத் துஷ்பிரயோகம் செய்வது இங்கே குற்றவியல் சட்டத்தின் 145ஆம் பிரிவில் ஒரு வருஷம் வரை சிறைக்குரிய குற்றம்.

கார் வாங்கின முகவரிடம் கொண்டுபோனேன். இங்கேதான் எனக்குக் கோபம் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். கணினியைப் பொருத்திப் பார்த்ததற்கு 119 யூரோ. வந்த பழுதுக் குறியீட்டில் தெளிவாகவே "துணை மின்கலம்: திறன் போதாது" என்று இருந்தது, தாளில் அச்சடித்தே தந்தார்கள். அதற்கு அவர்களின் தீர்வு, இ-கோலை இயக்கும் முழுப் பெட்டியையும் மாற்றுவது: பெட்டி, வேலைக்கூலி, கோடிங் எல்லாம் சேர்த்து 1,140 யூரோ. "பற்றரி மட்டும் மாற்ற ஏலாதோ?" என்றேன். கவுண்டரில் இருந்த பெடியன் திரையைத் திருப்பிக் காட்டினான்: வழிகாட்டிப் பட்டியலில் பெட்டியை மாற்று என்றுதான் இருக்கிறதாம். வருஷா வருஷம் நானூறு யூரோவுக்குக் குறையாமல் சேர்விஸ் செய்து தருகிற இதே இடம், ஆறு சேர்விஸில் ஒன்றிலாவது இந்தப் பற்றரிக்கும் ஆயுள் உண்டு என்று வாய் திறந்ததில்லை.

வீட்டுக்கு வந்து யோசித்தேன். குளிரில் வருகிறது, சூட்டில் போகிறது. மைக்கோ ஸ்பீக்கரோ அன்ரெனாவோ பழுதானால் வெயிலுக்கும் குளிருக்கும் இப்படி ஒழுங்காகக் கணக்குப் பார்த்து வராது. பற்றரிதான்.

இந்தப் பற்றரி எதற்கு என்றால், முன்னால் மோதி எஞ்சின் பக்கத்துப் பெரிய பற்றரி நொறுங்கினாலும் அழைப்பு போக வேண்டும். ஐந்து நிமிஷம் கதைக்க, பிறகு ஒரு மணித்தியாலம் கட்டுப்பாட்டு நிலையம் திருப்பி எடுக்குமா என்று காத்திருக்க, அதன் பிறகும் ஐந்து நிமிஷம் கதைக்கத் தாங்க வேண்டும் என்பது கணக்கு. பழைய நொக்கியாவை ரேடியோவுக்குப் பக்கத்தில் வைத்தால், அழைப்பு வருவதற்கு முன் "டிட்டிடிட் டிட்டிடிட்" என்று இரையுமே, ஞாபகமிருக்கிறதா? 2ஜி தொடர்ச்சியாக அனுப்பாது; நொடிக்கு 217 தரம் துடித்துத் துடித்து அனுப்பும். ஒவ்வொரு துடிப்புக்கும் இரண்டு ஆம்பியர் வரை இழுக்கும். கிழட்டுப் பற்றரி அதற்குத்தான் ஈடு கொடுக்காது.

அன்றிரவு குளவ் பொக்ஸைக் கழற்றினேன். நான்கு ஸ்குறூ, இரண்டு கொளுக்கி. உள்ளே மஞ்சள் நிறப் பிளக் தெரிந்தால் அது எயார்பாக் வயர். அந்தப் பக்கம் கை போகவே கூடாது. அதனால் பெரிய பற்றரியின் மைனஸைக் கழற்றி, ஒரு தேத்தண்ணி குடித்து முடித்துவிட்டுத்தான் தொடங்கினேன். பின்னால், வெளிச்சம் படாத மூலையில் கறுப்புப் பெட்டி. அதன் பக்கவாட்டில் ஒரு சின்னக் கதவு, நகத்தால் நெம்பினால் திறக்கிறது. உள்ளே சுருங்கிய நீலப் பிளாஸ்ரிக் உறைக்குள் மூன்று செல். தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிது. மேலே ஒட்டியிருந்த துண்டில் 2018 என்று திகதி. அதாவது 1,140 யூரோப் பெட்டிக்கு, பற்றரியை மாற்றவென்றே தனியாகக் கதவு வைத்திருக்கிறான் செய்தவன்! அந்த முகம் தெரியாத பொறியியலாளருக்கு என் நன்றி. வழிகாட்டிப் பட்டியல் எழுதினவருக்கு இல்லை.

மல்ரிமீற்றரை வைத்தால் 3.8 வோல்ற். மூன்று செல்லுக்கு 3.6 இருந்தாலே போதும். ஒரு நிமிஷம் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. பிறகு பழைய டோர்ச் ஒன்றின் பல்பைக் கழற்றி வயரில் பிடித்துப் பார்த்தேன். பல்பு ஒரு தரம் மின்னி மங்கியது, மீற்றர் 3.8லிருந்து 2.0க்கு வழுக்கி விழுந்தது. பல்பை எடுத்ததும் மெல்ல மெல்ல மறுபடி 3.7. சும்மா இருக்கும்போது வீரம், பாரம் ஏற்றினால் படுக்கை. மல்ரிமீற்றரை மட்டும் நம்பி "பற்றரி நல்லாத்தான் இருக்கு" என்று மூடிவைக்காதீர்கள் என்பதற்காகத்தான் இதை இவ்வளவு நீட்டிச் சொல்கிறேன்.

பெட்டியில் இருந்த பாக இலக்கத்தைப் போட்டுத் தேடினால் புதிய பற்றரி தனியாகவே 64 யூரோவுக்கு விற்கிறது. மூன்று நாளில் வந்தது. போட்டேன். சாவியைத் திருப்பினேன்.

டிங். சிவப்பு.

அந்த நிமிஷத்தில்தான் மருமகன் போன் எடுத்தான் என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். அது அடுத்த நாள்தான். ஆனால் கோபம் அப்படியே சுடச்சுட இருந்தது.

பிறகு கராஜ் வைத்திருக்கிற வல்வெட்டித்துறை அண்ணையிடம் போனேன். போனிலேயே சிரித்தார். "பற்றரிக்கு எத்தினை வயசு எண்டு பெட்டி தன்ரபாட்டில எண்ணிக்கொண்டிருக்கும் தம்பி. புதுசு போட்டது அதுக்கு என்னெண்டு தெரியும்? நீதான் சொல்லோணும்." பழுது பார்க்கிற என்னுடைய 25 யூரோ ரீடர் எஞ்சின் பழுதுக் குறியீட்டைத் தாண்டி ஒன்றையும் பார்க்காது. அவரிடம் பெரிய மெசின் இருந்தது. பற்றரி மாற்றப்பட்டது என்று ஒரு வரியைத் தட்டி, பழைய பழுதுக் குறியீட்டை அழித்து, 112ஐ அழைக்காமலே மைக்கும் ஸ்பீக்கரும் வேலை செய்கிறதா என்று சோதித்துப் பார்த்தார். பன்னிரண்டு நிமிஷம். சாவியைத் திருப்பிப் பத்தாவது நொடியில் பச்சை. காசு வேண்டாம் என்றார். முப்பது யூரோவை மேசையில் வைத்துவிட்டு வந்தேன். மார்ச்சில் ரியூஃப் என்கிற வாகனப் பரிசோதனை வருகிறது, இனி அங்கேயும் பயமில்லை.

நியாயமாகச் சொல்வதென்றால், கார் பிழை விடவில்லை. ஏழு வருஷத்துக்குக் கிட்ட வெயிலிலும் பனியிலும் கிடந்த பற்றரி சாகத்தான் செய்யும். செத்ததை மறைக்காமல் ஒவ்வொரு தரமும் சொன்னதே, அது அதன் கடமை. சிவப்பு லைற் இல்லாமல், அம்பாள் தேருக்குப் போகிற வழியில் ஏதும் நடந்து, கூரையிலிருந்து சத்தமே வராமல் போயிருந்தால்? கைநூலின் ஒரு மூலையில், துணை மின்கலத்துக்கு ஆயுள் உண்டு என்று ஒரு வரியும் இருக்கிறது, நான் வாசிக்கவில்லை. ஆனாலும் ஒரு தடவை சொன்னால் போதும். வேகமானியை மறைத்துக்கொண்டு ஒரு நாளைக்கு ஆறு தரம் சொல்ல வேண்டாம். நாற்பது வருஷம் கலியாணம் கட்டின பெரியம்மா கூடப் பெரியப்பாவுக்கு அவ்வளவு சொன்னதில்லை.

இன்னொன்று. ஜேர்மனியின் பெரிய நெட்வேர்க்கான டெலிகொம் 2028 நடுவில் 2ஜியை நிறுத்தப் போகிறது. 112 அழைப்பு எந்த நெட்வேர்க்கிலும் போகும் என்பதால், வேறொருவரிடம் 2ஜி இருக்கும் வரை எங்கள் கார்கள் ஊமையாகாது. 2026 ஜனவரியிலிருந்து புதிதாக அனுமதி பெறும் மொடல்களுக்கு 4ஜி, 5ஜி இ-கோல். 2027இலிருந்து எல்லாப் புதுக் கார்களுக்கும். பழையவற்றின் பெட்டியை யார் செலவில் மாற்றுவது என்று கேட்டால் கவுண்டர் பெடியன் என்ன விலை சொல்வான் என்று எனக்கு இப்போதே தெரியும்.

ஆக மருமகனுக்கு நான் சொன்னது சொன்னதுதான்: எடுக்காதை. என் காரை நாளைக்கு யாராவது களவெடுத்தால் நான் எதை வாங்குவேன் என்று மனைவி கேட்டா. இதையேதான். அது வேறு கதை.

நேற்று மறுபடி போன். சொல்லச் சொல்லக் கேட்காமல் காரைப் பார்க்கப் போய்விட்டான், உரிமையாளர் பக்கத்திலேயே நிற்கிறார் என்று குரலைத் தாழ்த்திச் சொன்னான். "சாவியைத் திருப்பிப்போட்டுப் பத்து எண்ணு. கூரையில என்ன நிறம்?"

எண்ணினான்.

"சிவப்பு மாமா."

"அப்ப முந்நூறு யூரோ குறைக்கச் சொல்லு. பற்றரி நான் போட்டுத் தாறன்."