ஹாலில் பெட்டி, மாடியில் ஆட்டம்: அம்மாபேட்டை வீட்டில் ஆறு வருட ரிமோட் பிளே

எங்கள் வீடு சேலம் அம்மாபேட்டையில். கீழே ஹாலும் அப்பா அம்மா அறையும், மாடியில் எனக்கு ஒரு அறை. டிவி ஒன்றுதான், அது ஹாலில். சாயங்காலம் ஆறரைக்கு அம்மா சீரியலுக்கு உட்கார்ந்தால் பத்து மணி வரை எழுந்திருக்க மாட்டார். அப்புறம் அப்பாவுக்கு நியூஸ். 2018-ல் ஆசையாக வாங்கிய பிளேஸ்டேஷன் 4 ஸ்லிம் கேம் பெட்டியில் ஞாயிற்றுக்கிழமை மதியம் மட்டும்தான் விளையாட முடிந்தது. நாளெல்லாம் தறிக்கும் அடுப்புக்கும் நடுவில் ஓடுகிற அம்மாவிடம், மூன்றரை மணி நேரம் உட்காரக் கிடைக்கும்போது ரிமோட்டைக் கேட்க எனக்கு மனம் வரவில்லை. அதனால் 2019 முதல் கேம் பெட்டி ஹாலிலேயே இருக்கிறது, நான் மாடியில் லேப்டாப்பில் விளையாடுகிறேன். இத்தனை வருடம் தினமும் பயன்படுத்தியதில் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன்.

ரிமோட் பிளே என்றால் என்னவென்று புதிதாகக் கேட்பவர்களுக்காக: விளையாட்டு ஓடுவது ஹாலில் இருக்கும் பெட்டியில்தான். அது தன் திரையை வீடியோவாகச் சுருக்கி லேப்டாப்புக்கு அனுப்பும். நாம் அழுத்தும் பட்டன் திரும்ப அதற்குப் போகும். பிளேஸ்டேஷனைத் தயாரிக்கும் சோனி இதை விண்டோஸுக்கும் மேக்குக்கும் கொண்டுவந்தது 2016 ஏப்ரலில், பிளேஸ்டேஷன் 4-இன் (பிஎஸ்4) 3.50 அப்டேட்டோடு. லேப்டாப்பில் பெரிய கிராபிக்ஸ் கார்டு வேண்டியதில்லை, ஒரு வீடியோவைத் தடங்கல் இல்லாமல் ஓட்டினால் போதும்.

இதைச் சொன்னதும் எல்லோரும் கேட்கும் முதல் கேள்வி நெட்டின் வேகத்தைப் பற்றித்தான், “நெட் பிளான் எத்தனை எம்பிபிஎஸ்?” வீட்டுக்குள்ளேயே விளையாடும்போது அந்தப் படம் வெளியே போவதே இல்லை. பெட்டியிலிருந்து ரவுட்டர், ரவுட்டரிலிருந்து லேப்டாப், அவ்வளவுதான். நெட் தேவைப்படுவது கணக்கில் நுழைவதற்கு. சோனி கேட்பதும் குறைந்தது 5 எம்பிபிஎஸ், நன்றாக இருக்க 15. எந்த வீட்டு வைஃபையும் அதைத் தரும். அப்படியிருந்தும் முதல் எட்டு மாதம் எனக்கு நிம்மதியே இல்லை.

படம் தாமதமாக வருவதைக் கிரிக்கெட் கேம்தான் காட்டிக்கொடுத்தது. வேகப்பந்து வீச்சாளர் ஓடி வருகிறார், பந்து பிட்ச் ஆகிறது, சரியான நேரத்தில்தான் பட்டனை அழுத்துகிறேன். ஆனால் மட்டை சுழலும்போது ஸ்டம்ப் போய்விட்டிருக்கும், திரையில் ‘லேட்’ என்று வரும். ஹாலில் டிவி முன்னால் உட்கார்ந்து அதே பந்தை ஆடினால் பவுண்டரி. எப்போதும் ஒரே அளவு தாமதம் என்றால் கை பழகிக்கொள்ளும். இது நான்கு பந்து சரியாக வந்து ஐந்தாவது பந்தில் மட்டும் தடுக்கும். அதற்கு எந்தக் கையும் பழகாது.

லேப்டாப்பிலிருந்து ரவுட்டருக்குப் பிங் போட்டு, அதாவது ஒரு சின்னத் தகவல் போய்த் திரும்ப எடுக்கும் நேரத்தை அளந்து, அரை மணி நேரம் பார்த்தேன். பெரும்பாலும் 3, 4 மில்லிசெகண்ட். இடையிடையே திடீரென்று 90, 140 என்று ஒரு குதி. திரையில் நொடிக்கு 60 ஃபிரேம் (அசையும் படத்தின் தனித்தனிப் படங்கள்) என்றால் ஒரு ஃபிரேமுக்கு 17 மில்லிசெகண்டுக்கும் குறைவு. 140 என்பது எட்டு ஃபிரேம். பந்து அதற்குள் கீப்பர் கையில்.

எங்கள் தெருவில் வீடுகள் சுவரோடு சுவர் ஒட்டியவை. வைஃபையின் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஒன்றோடொன்று மோதாத சேனல்கள் 1, 6, 11 என்று மூன்றே மூன்று. என் அறையில் பக்கத்து வீட்டு வைஃபைகள் பதினேழு தெரிந்தன. 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாற்றினேன். பக்கத்து வீட்டுத் தொல்லை குறைந்தது, ஆனால் அந்த அலை கான்கிரீட் தளத்தைத் தாண்டி மேலே வரும்போது பாதி உயிர் போய்விடுகிறது. மாடிப்படியில் உட்கார்ந்தால் அருமையாக ஓடும், கட்டிலில் படுத்தால் தடுக்கும். (2013-இல் வந்த முதல் பிஎஸ்4 வைத்திருப்பவர்கள் கவனிக்க: அதன் வைஃபையில் 5 கிகாஹெர்ட்ஸ் கிடையாது. பின்னால் வந்த ஸ்லிம், புரோ மாடல்களில் உண்டு.)

கடைசியில் கேபிள்தான் கதி என்று முடிவு செய்தேன். தெரிந்த எலக்ட்ரீஷியன் அண்ணன் ஒருவர் வந்து, பழைய டிஷ் ஒயர் போன பைப் வழியாகவே கேட் 6 என்ற நெட்வொர்க் கேபிளை மாடிக்கு இழுத்துக் கொடுத்தார். 25 மீட்டர். பெட்டியிலிருந்து ரவுட்டருக்கு ஒரு துண்டு, ரவுட்டரிலிருந்து மேலே நீளமான துண்டு. இரண்டு பக்கமும் வயர் இருக்க வேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்காதீர்கள். பெட்டிக்கு மட்டும் வயர் போட்டு லேப்டாப்பை வைஃபையில் விட்டால் பாதி வேலைதான் நடந்திருக்கிறது.

அன்று ராத்திரி பிங் ஒரு மில்லிசெகண்டுக்குக் கீழே போய் அங்கேயே நின்றது. ஒரு மணி நேரம் பார்த்தேன், ஒரு குதிகூட இல்லை. ஆனால் லேப்டாப் இணைப்பு வேகத்தை 1000 எம்பிபிஎஸ் என்று காட்டாமல் 100 என்றே காட்டியது. அண்ணன் மறுநாள் வந்து ஜாக்கைக் கழற்றி என் கையில் கொடுத்துக் காட்டினார். எட்டு ஒயரில் பழுப்பு நிற ஒயர் ஒன்று முனைக்கு ஒரு நூல் தள்ளியே நின்றுவிட்டது. 100-க்கு நான்கு ஒயர் போதும், 1000-க்கு எட்டும் தொட வேண்டும். வெட்டி, ஜாக்கை மறுபடி அழுத்திப் பொருத்தியதும் 1000 வந்தது. விளையாட்டில் துளி வித்தியாசம் இல்லை. முந்தைய நாள் 100-லும் அதே சுகம்தான். எனக்கு வேண்டியிருந்தது வேகம் இல்லை, தடுமாறாத வழி. கேபிளுக்கும் கூலிக்கும் சேர்த்து ஆன செலவு ஒரு புது கேம் டிஸ்க்கின் விலைகூட இல்லை.

செட்டிங்கில் முக்கியமானவை இரண்டுதான். பெட்டி ரெஸ்ட் மோடில் (முழுதாக அணையாமல் தூங்கும் நிலை) இருக்கும்போது நெட் இணைப்பை விடாமல் வைத்திருக்கச் சொல்ல வேண்டும், நெட்வொர்க் வழியாக எழுப்ப அனுமதி தர வேண்டும். மூன்றாவதாக ஒன்றைச் சீரியல் பார்க்கும் வீடுகளுக்காகச் சொல்கிறேன். ஒருநாள் நான் மாடியிலிருந்து பெட்டியை எழுப்பியதும், ஹாலில் ஓடிக்கொண்டிருந்த சீரியல் மறைந்து டிவி தானாகக் கேம் திரைக்குத் தாவிவிட்டது. கீழேயிருந்து “கண்ணு!” என்று ஒரு குரல். ஓடிவந்து பார்த்தால் அம்மா ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு திகைத்து நிற்கிறார். ஹெச்டிஎம்ஐ டிவைஸ் லிங்க் என்ற வசதி பெட்டி எழும்போது டிவியையும் தன் பக்கம் இழுக்கிறது. அதை அணைத்துவிட்டால் தீர்ந்தது. முதல் நாளே அணைத்துவிடுங்கள்.

ஸ்லிம்மில் படத்தின் தெளிவு அதிகபட்சம் 720பி-தான் கிடைக்கும். 15 அங்குல லேப்டாப்பில் அது கண்ணை உறுத்தவில்லை, சின்ன எழுத்துகள் மட்டும் கசங்கித் தெரியும். 2023-ல் பிளேஸ்டேஷன் 5-க்கு மாறியதும் 1080பி வந்தது. எழுத்து தெளிவானது. ஆனால் வேகமாகக் கார் ஓட்டும்போது சாலையோர மரங்கள் இன்னும் கொஞ்சம் குழையத்தான் செய்கின்றன, புல்வெளியும் மழையும் அப்படியே. சுருக்கி அனுப்பும் வீடியோவில் அந்தக் குழைவு நீங்காது. கன்ட்ரோலரை நான் எப்போதும் யூஎஸ்பி வயரில்தான் மாட்டுகிறேன். டிஸ்க்கில் வரும் சினிமாவை இதில் பார்க்க முடியாது, அதற்கு ஹாலுக்குத்தான் வர வேண்டும்.

லினக்ஸ் வைத்திருப்பவர்களுக்குச் சோனியின் செயலி கிடையாது. சியாகி என்ற ஓப்பன் சோர்ஸ் மென்பொருள் இருக்கிறது. என் பழைய லேப்டாப்பில் அதைத்தான் போட்டிருக்கிறேன், நன்றாகவே ஓடுகிறது.

வயர் போட்ட பிறகு கிரிக்கெட், கால்பந்து, கார், கதை சொல்லும் கேம்கள் எல்லாவற்றையும் மாடியிலேயே ஆடுகிறேன். சண்டை கேம் மட்டும் விலக்கு. அதில் இரண்டு மூன்று ஃபிரேமே ஆட்டத்தைத் தீர்மானிக்கிறது. படத்தைச் சுருக்கி, அனுப்பி, விரிக்கும் நேரத்தை எந்த வயராலும் இல்லாமல் செய்ய முடியாது. அக்கா பையன் லீவுக்கு வந்தால் ஞாயிறு மதியம் ஹாலில், நடுவில் தட்டுவடை செட் வைத்துக்கொண்டு, பெரிய டிவியில்தான் சண்டை.

அக்கா வீடு ஏற்காட்டில். சேலத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவு ஏறினால் போதும், ஆனால் ரிமோட் பிளேவுக்கு அது வேறு உலகம். அங்கே போனால் படம் வீட்டு நெட்டின் அப்லோட் வழியாக வெளியே வந்து, மலையில் மொபைல் டேட்டா வழியாக இறங்க வேண்டும். 5 எம்பிபிஎஸ் என்று வைத்தாலே மணிக்கு இரண்டேகால் ஜிபி. தினம் 2 ஜிபி பேக் ஒரு மணி நேரம்கூடத் தாங்காது. 540பி-க்குக் குறைத்து, மாறி மாறி முறை வரும் நிதானமான கேம்களை மட்டும் ஆடுவேன். அங்கே போய் கிரிக்கெட்டைத் திறந்தால் 2019-க்கே திரும்பின மாதிரி இருக்கும்.

மலைக்குப் போனால் கரண்டும் ஒரு கவலை. ரெஸ்ட் மோடில் இருக்கும்போது சேலத்தில் கரண்ட் போனால் பெட்டி முழுதாக அணைந்துவிடும். கரண்ட் திரும்பினாலும் தானாக எழாது, எங்கிருந்தும் எழுப்ப முடியாது. மாதாந்திரப் பராமரிப்புக்கு மின்தடை என்று அறிவித்திருந்த நாளில் மறந்துபோய் ஏற்காடு கிளம்பிவிட்டேன். சாயங்காலம் அம்மாவுக்குப் போன் போட்டேன்.

“அம்மா, டிவிக்குப் பக்கத்துல அந்த வெள்ளைப் பெட்டி இருக்குல்ல, அதுல கீழ ரெண்டு பட்டன் இருக்கும் பாருங்க.”

“இரு கண்ணு, கண்ணாடியை எடுத்துக்கறேன்... ஆமா, ஒண்ணு நீளமா இருக்குது, ஒண்ணு குட்டையா இருக்குது.”

“நீளமா இருக்கறதைம்மா. ஒரே ஒரு தடவை.”

கொஞ்ச நேரம் பேச்சில்லை. அப்புறம் போனில் பெட்டியின் ‘பீப்’ எனக்கே கேட்டது. இந்த முறை பெட்டியையும் ரவுட்டரையும் இன்வெர்ட்டர் லைனில் சேர்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறேன். நேற்று ராத்திரி சேலத்தில் அரை மணி நேரம் கரண்ட் இல்லையாம். ஏற்காட்டில் என் ஆட்டம் நிற்கவில்லை. கரண்ட் போனதே காலையில் அம்மா சொல்லித்தான் எனக்குத் தெரியும்.