மின் பார்க்கிங் பிரேக் உள்ள கார்களில் பின் பிரேக் பேட் மாற்றம்: நான்கு வழிகள், ஓர் ஒப்பீடு

கையால் இழுக்கும் ஹேண்ட் பிரேக் உள்ள காரில் பின் பேட்களை மாற்றத் தெரிந்தவருக்கு, பொத்தானால் இயங்கும் மின் பார்க்கிங் பிரேக் உள்ள காரிலும் அந்த வேலையின் பெரும்பகுதி பழகியதாகவே இருக்கும். சக்கரத்தைக் கழற்றுவது, பேட்களை டிஸ்க்கின் மீது அழுத்தும் பிடியான காலிப்பரை விடுவிப்பது, அது வழுக்கி நகரும் பின்களுக்கு கிரீஸ் இடுவது எதுவும் மாறவில்லை. மாறியிருப்பது ஒரே ஒரு கட்டம்தான். பேட் தேயத் தேய வெளியே வந்து நிற்கும் பிஸ்டனை, தடித்த புதிய பேட் நுழையும் அளவுக்கு உள்ளே அனுப்ப வேண்டும். அதற்கு இன்று நான்கு வழிகள் புழக்கத்தில் உள்ளன: காரிலேயே இருக்கும் சர்வீஸ் மோடைப் பயன்படுத்துவது, காரின் மின்னணு அலகுகளோடு பேசும் கருவியான ஸ்கேன் டூலை இணைப்பது, காலிப்பரில் உள்ள மோட்டாரைக் கழற்றிவிட்டு அது சுழற்றும் ஸ்பிண்டில் என்ற மரைத்தண்டைக் கையால் திருப்புவது, மோட்டாருக்கு வெளியிலிருந்து நேரடியாக 12 வோல்ட் கொடுப்பது. இவற்றைச் செலவையும் நேரத்தையும் வைத்தே பலரும் ஒப்பிடுகிறார்கள். நான் முதலில் பார்ப்பது வேறொன்று. பிஸ்டனுக்கு வழிவிடும் அந்த இயக்கத்தைக் காரின் கட்டுப்பாட்டு அலகே நடத்துகிறதா, அல்லது அதற்குத் தெரியாமல் நடக்கிறதா என்பதே அது. வேலை முடிந்த பிறகு எச்சரிக்கை விளக்கு எரியுமா, சரிவில் நிறுத்திய கார் நிற்குமா என்பவையெல்லாம் பெரும்பாலும் அதைப் பொறுத்தே அமைகின்றன.

காலிப்பருக்குள் நடப்பது

பிஎம்டபிள்யூ 7 சீரிஸ் போன்ற உயர்விலைக் கார்களில் 2001 வாக்கில் தோன்றிய மின் பார்க்கிங் பிரேக், இன்று கிரெட்டா, எக்ஸ்யூவி700, இன்னோவா ஹைக்ராஸ் எனக் குடும்பக் கார்கள் வரை வந்துவிட்டது. 2005-இல் வந்த ஆறாம் தலைமுறை ஃபோக்ஸ்வாகன் பசாட் கொண்டிருந்த அமைப்பே இப்போது மிகப் பரவலாக உள்ளது. அதில் ஒவ்வொரு பின் காலிப்பரின் முதுகிலும் ஒரு சிறிய மோட்டார் இருக்கும். அது பல்சக்கரங்களின் வழியாக ஒரு ஸ்பிண்டிலைச் சுழற்றும். ஸ்பிண்டிலின் மேல் உள்ள நட், சுழலாமல் முன்னோக்கி நகர்ந்து, குழிவான பிஸ்டனின் உட்புறத்தில் முட்டி, பேடை டிஸ்க்கின் மீது அழுத்தும். ஓட்டும்போது காலால் மிதிக்கும் பிரேக்கில் இந்த நட்டுக்கு வேலையே இல்லை. அங்கே பிரேக் ஆயிலின் அழுத்தம் மட்டுமே பிஸ்டனைத் தள்ளுகிறது.

கவனிக்க வேண்டியது என்னவென்றால், பொத்தானை அழுத்திப் பார்க்கிங் பிரேக்கை விடுவிக்கும்போது நட் முழுவதுமாகப் பின்வாங்குவதில்லை. சக்கரம் உரசாமல் சுழலத் தேவையான சிறு இடைவெளி அளவுக்கே பின்னால் சென்று நின்றுவிடுகிறது. பேட் தேய்ந்த காரில் பிஸ்டன் வெகுவாக வெளியே வந்திருப்பதால், அந்த இடமும் வெகு முன்னே இருக்கும். ஆகவே, ‘பிரேக்கை விடுவித்துவிட்டேன், இனி சி-கிளாம்ப் வைத்துத் தள்ளலாம்’ என்று முனைபவர், உட்புறம் முட்டுக்கட்டை கொடுத்த கதவை வெளியிலிருந்து தள்ளுகிறார். கிளாம்பின் விசை முழுவதும் நட்டின் மரையிலும் பல்சக்கரங்களிலும் இறங்குகிறது. அவை உடைந்தால் பேடின் விலையோடு முடிய வேண்டிய வேலை காலிப்பரின் விலைக்குப் போகும்.

பழைய பழக்கம் இன்னொரு இடத்திலும் இடறும். கம்பியால் இழுக்கப்படும் ஹேண்ட் பிரேக் காலிப்பர்களில் பிஸ்டனைத் திருகிக்கொண்டே தள்ள வேண்டும். மோட்டார் பொருத்திய காலிப்பரிலோ, நட் பின்வாங்கிய பிறகு பிஸ்டனைத் திருகாமல் நேராகத் தள்ளுவதே முறை.

எல்லா மின் பார்க்கிங் பிரேக்கும் இப்படி அமைந்ததல்ல என்பதால், எந்த வழியையும் தேர்ந்தெடுப்பதற்கு முன் காருக்கு அடியில் ஒரு முறை பார்த்துவிடுவது நல்லது. 2003-இல் வந்த இரண்டாம் தலைமுறை ரெனோ சீனிக்கில் ஒரே மோட்டார் நடுவில் இருந்து கம்பிகளை இழுக்கிறது. காலிப்பர் பழைய வகை என்பதால் அங்கே பிஸ்டனைத் திருகத்தான் வேண்டும். லேண்ட் ரோவர் டிஸ்கவரி 3-இல் கம்பிகள் இழுப்பது டிஸ்க்கின் நடுக்கிண்ணத்துக்குள் இருக்கும் தனி டிரம் பிரேக்கை. அதில் பேட் மாற்றத்துக்கும் பார்க்கிங் பிரேக்குக்கும் தொடர்பே இல்லை. காலிப்பரின் முதுகில் இரண்டு கம்பி இணைப்போடு ஒரு பிளாஸ்டிக் பெட்டி தெரிந்தால் மட்டுமே கீழே சொல்லும் ஒப்பீடு பொருந்தும்.

காரிலேயே உள்ள சர்வீஸ் மோடு

சில நிறுவனங்கள் இந்த வசதியை உரிமையாளரின் கையிலேயே கொடுத்திருக்கின்றன. ஜீப் கம்பாஸில் அது திரையின் அமைப்புகள் பகுதியில் பிரேக் சர்வீஸ் என்ற தெரிவாக உள்ளது. டெஸ்லாவில் தொடுதிரையின் சர்வீஸ் மோடுக்குள் கிடைக்கிறது. ஃபோர்டின் பல மாடல்களில் ஆக்சிலரேட்டரை முழுவதும் மிதித்தபடி, பார்க்கிங் பிரேக் பொத்தானை விடுவிக்கும் திசையில் பிடித்துக்கொண்டு, இக்னிஷனை அணைத்து உடனே மீண்டும் போட்டால், மீட்டர் திரையில் பராமரிப்பு நிலை என்று செய்தி வரும். விரலும் பெடலும் சேர்ந்து செய்ய வேண்டிய வரிசை மாடலுக்கு மாடல் வேறுபடும். ஆகவே அதே ஆண்டு, அதே மாடலுக்கான கையேட்டைப் பார்த்தே செய்ய வேண்டும்.

நான்கிலும் இதையே முதலிடத்தில் வைக்கிறேன். செலவில்லை என்பது அதன் சிறிய சிறப்பு. பெரிய சிறப்பு, நட்டை எவ்வளவு தூரம் பின்னிழுக்க வேண்டும், எங்கே நிறுத்த வேண்டும் என்பதை அமைப்பை வடிவமைத்தவரே தீர்மானித்திருக்கிறார் என்பது. அந்த நிலையில் இருக்கும்வரை பொத்தானைத் தவறுதலாகத் தொட்டாலும் மோட்டார் இயங்காதபடி பூட்டப்பட்டிருக்கும். குறை ஒன்றே: இந்த வசதி எல்லாக் கார்களிலும் இல்லை. இல்லாத காரில், வேறொரு மாடலுக்காக எழுதப்பட்ட பொத்தான் வரிசையை முயன்று பார்ப்பதில் பயனில்லை.

ஸ்கேன் டூல்

உள்ளமைந்த மோடு இல்லாத காருக்கு நேர்வழி இதுதான். ஆனால் இங்கேதான் வாங்குபவர்கள் அதிகம் ஏமாறுகிறார்கள். காரின் பிழைகளைப் படிக்கும் மலிவான ஓபிடி ரீடரை வாங்கி, பொதுவான செயலியைத் திறந்து, அதில் பார்க்கிங் பிரேக்கைத் தேடுபவருக்கு எஞ்சின் பிழைக் குறியீடுகள் மட்டுமே கிடைக்கும். அமெரிக்காவில் 1996 முதல் கட்டாயமாக்கப்பட்ட ஓபிடி-2 விதிமுறை புகை உமிழ்வைக் கண்காணிப்பதற்காக எழுதப்பட்டது. பிரேக் அலகுக்குள் நுழைவது அதன் வரம்பில் இல்லை. பிரேக் அலகோடு பேசும் மொழி ஒவ்வொரு நிறுவனத்துக்கும் தனி. எனவே கருவியின் பெட்டியில் ‘மின் பார்க்கிங் பிரேக் சர்வீஸ்’ என்று அச்சிட்டிருப்பதை மட்டும் நம்பாமல், உங்கள் காரின் பெயரும் ஆண்டும் அதன் ஆதரவுப் பட்டியலில் அந்த வேலைக்கு எதிரே இருக்கிறதா என்று பார்த்து வாங்க வேண்டும்.

ஒரு நிறுவனத்தின் கார்களுக்கென்றே எழுதப்பட்ட மென்பொருள்கள் இதில் மிகவும் நம்பகமானவை. ஃபோக்ஸ்வாகன், ஸ்கோடா, ஆடி கார்களுக்கு விசிடிஎஸ்ஸும் ஓபிடிஇலெவனும் உள்ளன. ஃபோர்டுக்கு ஃபோர்ஸ்கேன், பிஎம்டபிள்யூவுக்கு பிம்மர்லிங்க். இவற்றிலும் மாடல் அறிவு தேவைப்படும். காரின் ஒவ்வொரு அலகுக்கும் மென்பொருளில் ஓர் எண் முகவரி உண்டு; பசாட் ஆறாம் தலைமுறையில் பார்க்கிங் பிரேக் 53 என்ற தனி முகவரியில் இருந்தது. கோல்ஃப் ஏழாம் தலைமுறை முதல் அது 03 என்ற பிரேக் அலகுக்குள் சேர்ந்துவிட்டது. பழைய வழிமுறையை வைத்துக்கொண்டு 53-ஐத் தேடுபவர், கருவி பழுது என்று தவறாக முடிவுகட்டக்கூடும். பல நிறுவனங்களுக்கும் பொதுவான ஆட்டெல், லாஞ்ச் போன்ற கருவிகள், வேறு வேறு கார்கள் வைத்திருக்கும் வீட்டுக்கும் சிறிய பணிமனைக்கும் பொருந்தும். ஃபியட் கிறைஸ்லர் குழுமத்தின் 2018-க்குப் பிந்தைய பல மாடல்களில் பாதுகாப்பு வாயில் ஒன்று இருக்கிறது. பதிவு செய்யப்படாத வெளிக் கருவியால் அங்கே பிழைகளைப் படிக்க முடியும், கட்டளை இட முடியாது.

ஸ்கேன் டூலின் உண்மையான மேன்மை வேலையின் முடிவில் தெரியும். நட் மீண்டும் முன்னே வந்து புதிய பேடின் தடிமனைக் கண்டறிந்து, தன் நிலையைப் பதிவுசெய்து, பிழை இல்லை என்று காட்டும்வரை கருவி உடனிருக்கும். பேட்டரி மட்டும் நன்றாக இருக்க வேண்டும். மின்னழுத்தம் தாழ்ந்தால் மோட்டார் பாதி வழியில் நின்றுவிடும் என்பதால், பழைய பேட்டரி உள்ள காரில் சார்ஜரை இணைத்துவிட்டே தொடங்குவது நல்லது.

மோட்டாரைக் கழற்றிக் கையால் திருப்புவது

கருவியும் இல்லை, காரில் மோடும் இல்லை, காரை நகர்த்தவும் முடியாது என்ற நிலையில் இது மதிக்கத்தக்க வழி. மோட்டாரின் மின் இணைப்பைப் பிரித்து, அதைப் பிடித்திருக்கும் இரண்டு டார்க்ஸ் போல்ட்களைக் கழற்றினால் (ஃபோக்ஸ்வாகன் வகையில் பெரும்பாலும் டி30) மோட்டார் பெட்டி தனியே வந்துவிடும். உள்ளே தெரியும் ஸ்பிண்டிலின் தலையைப் பொருத்தமான டார்க்ஸ் சாக்கெட்டால் மெதுவாகத் திருப்பினால் நட் பின்வாங்கும். அதன்பின் பிஸ்டன் நேராக உள்ளே செல்லும்.

இதன் நற்குணம், கைக்கு எதிர்ப்பு தெரிவது. எங்கே இறுகுகிறதோ அங்கே நிறுத்திவிடலாம். கடைசி எல்லைவரை இறுக்கிவிடாமல் சற்று முன்னதாகவே நிறுத்துவது முக்கியம். எல்லையில் சிக்கிக்கொண்ட நட்டை மோட்டாரால் மீண்டும் கிளப்ப முடியாமல் போகலாம். இதன் குறைகள் இரண்டு. மோட்டாருக்கும் காலிப்பருக்கும் இடையில் உள்ள ரப்பர் வளையம் ஒரு முறை கலைந்துவிட்டால், அதைச் சுத்தம் செய்து, கிழிசல் இருந்தால் புதியதை இட்டு, சரியாக உட்கார வைக்க வேண்டும். கடலோர ஊர்களிலும், மழைநீர் தேங்கும் தெருக்களிலும், பனிக்காலத்தில் சாலைக்கு உப்பிடும் நாடுகளிலும் அந்த வளையத்தின் வழியே நீர் நுழைந்தால், பேட் தேய்வதற்கு முன்னே மோட்டார் துருப்பிடித்துவிடும். இரண்டாவது, நட் இடம் மாறியது கட்டுப்பாட்டு அலகுக்குத் தெரியாது. பெரும்பாலான அமைப்புகள், மோட்டார் இழுக்கும் மின்னோட்டம் உயர்வதைக் கொண்டே பிடி இறுகியதை அறிகின்றன. எனவே முதல் முறை பொத்தானை இழுக்கும்போது மோட்டார் வழக்கத்தைவிட நீண்ட நேரம் ஓடி, புதிய இடத்தைத் தானே கண்டுகொள்வது உண்டு. சில கார்கள் அதை ஏற்காமல் பிழையாகப் பதிவுசெய்யும். அப்போது தவிர்க்க நினைத்த ஸ்கேன் டூலையே தேடிப் போக வேண்டும்.

நேரடியாக 12 வோல்ட்

மோட்டாருக்கு இரண்டே முனைகள் இருப்பதால், இணைப்பைப் பிரித்துவிட்டு வெளிப் பேட்டரியின் கம்பிகளை ஒரு திசையில் தொட்டால் முன்னே, மாற்றித் தொட்டால் பின்னே என்று அது இயங்கும். பார்க்க எளிது, நொடிகளில் முடியும், ரப்பர் வளையத்தைத் தொட வேண்டியதில்லை. ஆயினும் இந்த வழியை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். கட்டுப்பாட்டு அலகு மோட்டாரை இயக்கும்போது மின்னோட்டத்தைப் பார்த்து உரிய இடத்தில் நிறுத்துகிறது. பேட்டரிக்கு அந்த அறிவு கிடையாது. ஒரு கணம் கூடுதலாகப் பிடித்தால் நட் எல்லையில் போய் மோதிச் சிக்கும், அல்லது பல்சக்கரத்தின் பல் போகும். திசை தவறினால் பிஸ்டன் வெளியே தள்ளப்படும். காரின் பக்கத்து இணைப்பைப் பிரிக்காமல் செய்பவர் கட்டுப்பாட்டு அலகையே பணயம் வைக்கிறார். கையால் திருப்புவதற்கு உள்ள இரண்டாவது குறை இதற்கும் உண்டு. அதன் நற்குணமான கையுணர்வு இதில் இல்லை.

எந்த வழியானாலும் பொதுவானவை

மோட்டார் கொடுக்கும் அழுத்தம் ஒரு டன் எடைக்கும் மேற்பட்டது. விரல் இடையில் இருந்தால் அது மீளாது. சூடான டிஸ்க் ஆறும்போது சுருங்குவதால், நிறுத்திச் சில நிமிடம் கழித்துத் தானாகவே மறுபடி இறுக்கும் கார்கள் உண்டு. ‘இக்னிஷன் அணைந்திருக்கிறது’ என்பது மட்டும் பாதுகாப்பல்ல. நின்ற காரைத் தானே பிடித்துவைக்கும் ஆட்டோ ஹோல்டை அணைத்து, சாவியைக் காரிலிருந்து எட்ட வைத்து, பின் பார்க்கிங் பிரேக் இல்லாத அந்த நேரத்தில் கார் உருளாதபடி முன் சக்கரங்களுக்குக் கட்டை கொடுத்து, ஜாக்கோடு நில்லாமல் ஸ்டாண்டிலும் நிறுத்திய பிறகே காலிப்பரில் கை வைக்க வேண்டும். பிஸ்டனைத் தள்ளும்போது பிரேக் ஆயில் மேலே ஏறும் என்பதால் தொட்டியின் அளவையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

புதிய பேட்களைப் பொருத்திய பின், சர்வீஸ் மோடிலிருந்து வெளியேறுவதற்கு முன்பாகவே பிரேக் பெடலைப் பல முறை மெதுவாக மிதித்துக் கெட்டிப்படுத்த வேண்டும். இந்த வரிசையை மாற்றக் கூடாது. பெடல் பிஸ்டனைப் பேடின் அருகே கொண்டுவந்துவிட்டால் நட்டுக்குச் சிறு பயணமே மிஞ்சும். மாறாக முதலில் மோட்டாரை ஓடவிட்டால், வெற்றிடத்தில் நீண்ட தூரம் சென்றும் எதிர்ப்பைக் காணாமல், அலகு பிழை அறிவித்துவிடலாம்.

யாருக்கு எது

காரில் மோடு இருந்தால் வேறெதையும் யோசிக்க வேண்டியதில்லை. இல்லையென்றால், கார் ஃபோக்ஸ்வாகன் குழுமம், ஃபோர்டு, பிஎம்டபிள்யூ போன்றதாயின், அதற்கென உள்ள மென்பொருளும் அடாப்டரும் வாங்குவதே நீண்ட காலத்தில் சிக்கனம். பின் பேட்கள் இப்போது முன்பைவிட விரைவாகத் தேய்வதைப் பல கார்களில் காண முடிகிறது. கார் சறுக்காமல் காக்கும் நிலைத்தன்மைக் கட்டுப்பாடும், முன்னே செல்லும் வண்டிக்கேற்ப வேகத்தை மாற்றும் தகவமைப்பு க்ரூஸும் பின் பிரேக்கை அடிக்கடி தொடுவது அதற்கு ஒரு காரணம். எனவே அந்தக் கருவி ஒரு முறையோடு மூலையில் கிடக்காது. கையால் திருப்பும் வழியை, கைப்பழக்கம் உள்ளவர்கள் அவசரத்துக்கு வைத்துக்கொள்ளலாம்.

இரண்டுக்கும் வசதியில்லாதவர் பணிமனைக்குச் செல்வதே சரி. ஆனால் காரை விடும் முன், நட்டை எந்த வழியில் பின்வாங்கச் செய்வீர்கள் என்று கேட்டுவிட வேண்டும். பேட்டரிக் கம்பியைக் காட்டும் இடத்தில் விட வேண்டாம். எடுத்து வரும்போது, பிரேக் அலகில் பிழைக் குறியீடு இல்லை என்பதை ஸ்கேன் டூலின் திரையிலேயே காட்டச் சொல்லி, ஒரு சிறு சரிவில் கியரை நியூட்ரலில் வைத்து, பார்க்கிங் பிரேக் மட்டுமே காரைப் பிடித்து நிறுத்துகிறதா என்று அங்கேயே பார்த்துவிட்டு, அதன் பிறகு பணம் கொடுக்கலாம்.